ஒரே மீன், இரு சட்டநிலைகள்: சுறாத்துடுப்பு ஏற்றுமதித் தடையும் காசிமேடும்

இராயபுரத்தை அடுத்த காசிமேட்டு மீன்பிடித் துறைமுகத்தில் ஏலம்போகும் சுறா, பாதுகாக்கப்பட்ட இனமாக இல்லாதவரை, சட்டத்திற்கு உட்பட்ட சரக்கே. அதே மீனின் உலர்ந்த துடுப்பு, தெற்கே சில கிலோமீட்டர் தொலைவிலுள்ள சென்னைத் துறைமுகத்தின் வழியாக வெளிநாட்டுக்கு அனுப்பப்படுமானால் கடத்தற்பொருளாகிவிடுகிறது. ஓருடலுக்கு இரு சட்டநிலைகள் வாய்த்த வரலாற்றை இக்கட்டுரை ஆராய்கிறது.

அரசு சுறாவை முதலில் வளமாகவே கண்டது. இரண்டாம் உலகப்போரால் காட் மீனெண்ணெய் இறக்குமதி தடைப்பட்டபோது, சென்னை மாகாண மீன்வளத்துறை சுறா ஈரல் எண்ணெய் உற்பத்தியில் இறங்கியது. பின்னாளில் கொச்சியிலுள்ள மத்திய மீன்வளத் தொழில்நுட்ப நிறுவனம், துடுப்பிலிருந்து இழைகளைப் பிரித்தெடுக்கும் முறையை உருவாக்கியது. ‘பீலி’ என வணிகர் வழங்கும் துடுப்பின் விலையை ஹாங்காங், சிங்கப்பூர்ச் சந்தைகளின் சூப்புத் தேவையே நிர்ணயித்தது. இறைச்சிக்கோ இங்கேயே சந்தை உண்டு; கருவாடாகவும் புட்டாகவும் அது உண்ணப்படுகிறது.

திருப்பம் 2001-இல் நேர்ந்தது. அவ்வாண்டு ஜூலை 11 அன்று, சுறா, திருக்கை இனங்கள் அனைத்தும் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம், 1972-இன் முதல் அட்டவணையில் சேர்க்கப்பட்டன. புலிக்கும் யானைக்கும் உரிய பாதுகாப்பு, அன்றாட உணவுமீனுக்கும் ஒரே நாளில் வந்துசேர்ந்தது. மீனவர் எதிர்ப்பையடுத்து, டிசம்பர் 5 அன்று அப்பட்டியல் திமிங்கலச்சுறா, கங்கைச்சுறா, புதுச்சேரிச்சுறா, வேளா உள்ளிட்ட சில இனங்களாகச் சுருக்கப்பட்டது. (காவிரிப்பூம்பட்டினத்துப் பரதவர் சுறவின் கொம்பை நட்டு வழிபட்டதைப் பட்டினப்பாலை கூறுகிறது. சுறாவுக்குக் கொம்பில்லை; அது வேளாவின் வாள்போன்ற மூக்காகவே இருத்தல் வேண்டும். அவ்வேளா இன்று முதல் அட்டவணையில் உள்ளது.)

2013 ஆகஸ்டில், துடுப்பு உடலோடு ஒட்டியிருக்கும் நிலையிலேயே சுறாவைக் கரைசேர்க்க வேண்டும் என்ற கொள்கையை மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் வகுத்தது. துடுப்பை அறுத்துக்கொண்டு உடலைக் கடலில் எறியும் தொலைகடற் கப்பல்களின் வழக்கத்தை எதிர்த்து உலகளவில் உருவான விதி இது. இறைச்சிக்கு விலையுள்ள நம் கரையிலோ சுறா பெரும்பாலும் முழுதாகவே வந்திறங்கியது. இல்லாத குற்றத்திற்கு எழுதப்பட்ட விதி என்று இதனைச் சொன்னால் மிகையாகலாம். இங்கு அதன் பயன் சிறிதே என்பதில் ஐயமில்லை.

வணிகத்தின் வேரைத் தொட்டது 2015 பிப்ரவரி 6-ஆம் நாளின் அறிவிக்கை. வெளிநாட்டு வணிகத் தலைமை இயக்குநரகம் எல்லாச் சுறா இனங்களின் துடுப்பு ஏற்றுமதியையும் தடைசெய்தது. உலர்ந்த துடுப்பைக் கண்ணால் கண்டு இனம் பிரித்தல் அரிது. எனவே முழுத்தடையே சுங்க அதிகாரிக்கு எளிது. ஆனால் பிற மீன்களுக்காக வீசிய வலையில் சுறாவும் சேர்ந்தே சிக்குகிறது. துடுப்புக்கு விலையில்லை என்பதால் இழுவைமடி அதனை விட்டுவிடுவதில்லை. தடையால் பிடிப்பு குறைந்ததா என்ற வினாவைவிட, துடுப்பின் விலை இழப்பு படகுக்காரர், கூலியாள், வணிகர் ஆகியோருள் யார்மீது விழுந்தது என்ற வினாவே சமூக வரலாற்றாய்வுக்கு முதன்மையானது.

2022-இல் பனாமாவில் கூடிய சைட்டிஸ் மாநாடு, பால்சுறா அடங்கிய குடும்பம் முழுவதையும் தன் இரண்டாம் பின்னிணைப்பில் சேர்த்தது. பிள்ளை பெற்றவளுக்குப் பால் சுரக்கவென்று வடசென்னை வீடுகளில் புட்டாகும் அதே மீன்தான். அந்த ஒழுங்குமுறையும் நாட்டெல்லையைக் கடக்கும் சரக்கையே நோக்குகிறது. காசிமேட்டு ஏலக்களத்தை அது தொடுவதில்லை.