மன்னார்க் கரைப் புகையிரதப் பாதையும் மலையகத் தொழிலாளரும்

1

இலங்கைப் புகையிரத வரலாறு இதுகாறும் பெரும்பாலும் தேசாதிபதிகளின் வரலாறாகவும் பொறியியலாளரின் வரலாறாகவுமே எழுதப்பட்டு வந்துள்ளது. முதல் மண்ணை வெட்டியவர் யார், முதல் வண்டியிற் சென்ற விருந்தினர் யார், எச்சுரங்கம் எவ்வளவு நீளமானது என்பன அவ்வரலாறுகளில் விரிவாகக் கூறப்படும். இச்செய்திகள் வேண்டாதன அல்ல. ஆயின், ஒரு பாதை யாருடைய தேவைக்காகப் போடப்பட்டது, எதனை எத்திசை நோக்கிக் கொண்டு சென்றது, அதற்கான விலையைக் கொடுத்தவர் யாவர் என்னும் வினாக்கள் எழுப்பப்படாதவிடத்து வரலாறு பெயர்ப்பட்டியலாகவே எஞ்சும். மதவாச்சியிலிருந்து செட்டிகுளம், முருங்கன் வழியாக மாதோட்டத்தை அடைந்து, கடலைக் கடந்து மன்னார்த் தீவின் நெடுகச் சென்று தலைமன்னார் இறங்குதுறையில் முடியும் பாதையை இவ்வினாக்களின் அடிப்படையில் நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

கரையோரப் பாதையொன்றின் வரலாற்றை மலைநாட்டிலிருந்து தொடங்குவது முரணாகத் தோன்றலாம். ஆனால் மன்னார்ப் பாதையின் தேவை மன்னாரிலே தோன்றியதன்று. அது கண்டி மலைகளிலே தோன்றியது. ஆதலின், மலைகளுக்குச் செல்லும் பாதையை முதலில் நோக்குதல் இன்றியமையாதது.

2

கடுகண்ணாவைக்கும் பேராதனைக்கும் இடையிலுள்ள பிலிமத்தலாவையிலே கொழும்பு - கண்டி வீதியும் புகையிரதப் பாதையும் அருகருகே செல்வதைக் காணலாம். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இரு காலகட்டங்களை இவ்விரண்டும் குறித்து நிற்கின்றன. வீதி, கண்டி இராச்சியம் 1815இல் வீழ்ச்சியுற்ற பின்னர் அதனை இராணுவ வலிமையால் அடக்கி வைக்கும் பொருட்டு அமைக்கப்பட்டது. புகையிரதப் பாதை, அவ்வாறு அடக்கப்பட்ட நாட்டின் விளைபொருளைத் துறைமுகத்துக்குக் கொண்டு செல்லும் பொருட்டு அமைக்கப்பட்டது.

1830களின் பிற்பகுதியிலிருந்து கோப்பித் தோட்டங்கள் கண்டி மலைச்சரிவுகளில் விரைந்து பரவின. விளைந்த கோப்பியை மாட்டு வண்டிகளில் ஏற்றிக் கொழும்புக்கு அனுப்புதல் காலதாமதமும் பெருஞ்செலவும் மிக்கதாயிருந்தது. எனவே தோட்டத்துரைமார் புகையிரதம் வேண்டினர். 1845இல் இலண்டனில் இதற்கெனக் கம்பனி ஒன்று தோன்றியது. தேசாதிபதி சேர் ஹென்றி வார்ட் 1858 ஆகஸ்ட் மாதத்தில் முதல் மண்ணை வெட்டினார். கம்பனியின் முயற்சி நிறைவேறாது போகவே, அரசாங்கம் பொறுப்பேற்று ஃபேவியல் என்னும் ஒப்பந்தகாரரிடம் வேலையை ஒப்படைத்தது. 1864 திசம்பர் 27ஆம் நாள் முதல் வண்டி அம்பேபுசை வரை ஓடியது. 1867இல் பாதை கண்டியை அடைந்தது.

இப்பாதையின் மிகக் கடினமான பகுதி றம்புக்கனையிலிருந்து கடுகண்ணாவை வரையுள்ள ஏற்றமாகும். நாற்பத்தைந்து அடிக்கு ஓரடி என்ற அளவில் உயர்ந்து செல்லும் இப்பகுதியில், பாறையைத் தகர்த்தும் சுரங்கம் குடைந்தும் உழைத்தவர்களுட் பெருந்தொகையினர் தென்னிந்தியாவிலிருந்து வந்த தொழிலாளர். காய்ச்சலும் வாந்திபேதியும் அவர்களைப் பெருமளவிற் பலிகொண்டன. ஒப்பந்தகாரரின் பெயரும் பொறியியலாளரின் பெயரும் நூல்களில் உள்ளன. இவர்களுடைய பெயர்கள் எந்நூலிலும் இல்லை.

1870ஆம் ஆண்டளவில் ஆண்டொன்றுக்கு ஏறத்தாழப் பத்து இலட்சம் அந்தர் கோப்பி ஏற்றுமதியாயிற்று. அதனைக் கடற்கரைக்குக் கொண்டு சேர்க்க இரும்புப் பாதை கிடைத்துவிட்டது. அதனைப் பறித்த கைகள் கடற்கரையிலிருந்து மலைக்கு வந்து சேர்வதற்கு என்ன வழி இருந்தது என்பதே அடுத்து எழும் வினாவாகும்.

3

இராமநாதபுரம், திருச்சிராப்பள்ளி, மதுரை, புதுக்கோட்டை முதலாம் பகுதிகளிலிருந்து கங்காணிமாரால் திரட்டப்பட்ட மக்கள், பாக்கு நீரிணையைத் தோணிகளிற் கடந்து தலைமன்னாரிலும் அதனை அடுத்த கரைகளிலும் இறங்கினர். அங்கிருந்து மதவாச்சி, மிகிந்தலை, தம்புள்ளை வழியாக மாத்தளைக்குக் கால்நடையாகச் சென்றனர். ஏறத்தாழ நூற்றைம்பது மைல் நீளமான வழி அது. மன்னாருக்கும் தம்புள்ளைக்கும் இடைப்பட்ட வறண்ட நிலத்திலே நீர் அரிது. காட்டுக் காய்ச்சல் மலிந்தது. வாந்திபேதி கண்டவர் வழியோரத்திலேயே கைவிடப்பட்டனர். இவ்வழியில் மாண்டவர் தொகை பற்றி வரலாற்றாசிரியரிடையே கருத்து வேறுபாடு உண்டு. எனினும், வழிநெடுகச் சாவு நிகழ்ந்தது என்பதில் எவருக்கும் வேறுபாடு இல்லை.

கோப்பி பருவகாலப் பயிராதலின், பறிப்புக் காலத்துக்கு வந்து தத்தம் ஊர்களுக்கு மீளுவோரே அக்காலத்திற் பெரும்பான்மையினர். அவர்கள் இவ்வழியை மீண்டும் மீண்டும் நடந்தனர் என்பது மனங்கொள்ளத்தக்கது. 1867இல் கோப்பிக்குப் புகையிரதம் கிடைத்த பின்னரும் தொழிலாளிக்கு அது கிடைக்கவில்லை. இதற்குத் தொழில்நுட்பக் காரணம் தேடுவது வீண். கோப்பி தாமதமானால் இலண்டன் சந்தையில் நட்டம் ஏற்படும். தொழிலாளி வழியில் இறந்தாலோ, அவன் பெயரிலிருந்த முற்பணம் கங்காணியின் கணக்கில் உறவினர் தலையில் ஏறும். அவனிடத்துக்கு வேறொருவன் வருவான். பஞ்சமும் நிலமின்மையும் தமிழகக் கிராமங்களை வாட்டிய காலத்தில் மனித உழைப்பு மலிவாயிருந்தது. மலிவான சரக்குக்குப் போக்குவரத்துச் செலவு செய்ய மூலதனம் முன்வராது.

4

1869இல் முதன்முதல் அவதானிக்கப்பட்ட இலைநோய் அடுத்த இரு தசாப்தங்களிற் கோப்பியை அழித்தது. தேயிலை அதன் இடத்தைப் பெற்றது. தேயிலை ஆண்டு முழுவதும் கொழுந்து தரும் பயிர். அதற்கு ஆண்டு முழுவதும் தோட்டத்திலேயே வதியும் குடும்பங்கள் வேண்டும். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இறப்பரும் சேர்ந்துகொள்ள, உழைப்பாளருக்கான தேவை பெருகியது. மலாயா முதலிய நாடுகளும் அதே கிராமங்களில் ஆள்திரட்டின. இந்நிலையில், 1904இல் தோட்டத்துரைமார் திருச்சிராப்பள்ளியைத் தலைமையிடமாகக் கொண்டு ஆள்திரட்டும் நிறுவனமொன்றை ஏற்படுத்தினர். எத்தோட்டத்துக்கு அனுப்பப்படுகிறார் என்பதைக் காட்டும் இலக்கம் பொறித்த தகரத்துண்டு ஒவ்வொரு தொழிலாளியிடமும் கொடுக்கப்பட்டது. இப்பொழுது தொழிலாளி உயிருடன், நோயின்றி, குறித்த தோட்டத்துக்கு வந்து சேர்வது இலாபக் கணக்கின் ஒரு கூறாயிற்று.

மன்னார்ப் பாதையின் தோற்றத்தை இப்பின்னணியிலேயே விளங்கிக்கொள்ள வேண்டும். சேதுவின் மீது பாலம் அமைத்து இருநாட்டு இரும்புப் பாதைகளையும் நேரடியாக இணைக்கும் திட்டம் ஆராயப்பட்டுக் கைவிடப்பட்டது. அதற்குப் பதிலாக, இராமேசுவரம் தீவை இந்தியப் பெருநிலத்தோடு இணைக்கும் பாம்பன் பாலமும், மதவாச்சி - தலைமன்னார்ப் பாதையும் அமைக்கப்பட்டு 1914இல் இணைப்பு நிறைவெய்தியது. தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடைப்பட்ட ஏறத்தாழ இருபத்திரண்டு மைல் கடலைக் கர்சன், எல்ஜின், ஹார்டிஞ்ச் என இந்திய வைசிராய்களின் பெயர் சூட்டப்பட்ட நீராவிக் கப்பல்கள் கடந்தன. சென்னையில் ஏறியவர் ஒரே பயணச்சீட்டில் கொழும்பை அடையலாம் என்ற நிலை உருவாகியது. அதுவே மக்கள் வழக்கில் 'போட் மெயில்' ஆகும்.

ஆனால் அந்த ஒரே வழியில் இருவேறு பயணங்கள் நிகழ்ந்தன. வணிகரும் உத்தியோகத்தரும் யாத்திரிகரும் தத்தம் விருப்பின்படி சென்றனர். தொழிலாளர் முதலில் மண்டபம் முகாமில் நாட்கணக்காகத் தடுத்து வைக்கப்பட்டு, நோய்ப் பரிசோதனை முடிந்த பின்னரே கப்பலேற்றப்பட்டனர். தலைமன்னாரில் இறங்கியவர்கள் அநுராதபுரம், குருநாகல், பொல்காவலை வழியாகக் கொண்டுவரப்பட்டனர். அங்கிருந்து கடுகண்ணாவை ஏற்றத்தில் ஏறி, பிலிமத்தலாவையைக் கடந்து, பேராதனைச் சந்தியிற் பிரிந்து கண்டி, மாத்தளைப் பக்கமும் நாவலப்பிட்டி, அற்றன் பக்கமும் சென்றனர். ஐம்பது ஆண்டுகட்கு முன்னர் தம் முன்னோர் உடைத்த பாறைகளுக்கு நடுவே அவர்கள் வண்டியிற் சென்றனர் எனலாம். பயணச் செலவோ நீண்ட காலம் அவர்கள் பெயரிலேயே கடனாகப் பதியப்பட்டது. ஒரு நாள் வேலையும் செய்யுமுன்னரே தொழிலாளி கடனாளியானான். 'துண்டு' முறையைச் சட்டம் ஒழித்ததும், ஆள்திரட்டும் செலவு தொழிலாளியின் தலையிலிருந்து இறங்கியதும் 1920களிலேயே நிகழ்ந்தன.

கோப்பிக்கு 1867, தொழிலாளிக்கு 1914. இவ்விரு ஆண்டுகளுக்கும் இடைப்பட்ட நாற்பத்தேழு ஆண்டுகள், குடியேற்ற நாட்டுப் பொருளாதாரம் பொருளுக்கும் மனிதனுக்கும் அளித்த மதிப்பின் வேறுபாட்டைக் காட்டும் அளவுகோலாகும்.

5

இவ்விடத்து, புகையிரதம் பற்றி மார்க்ஸ் கூறியனவற்றைக் கருதுதல் பொருத்தமானது. இந்தியாவில் பிரித்தானிய ஆட்சியின் எதிர்கால விளைவுகள் பற்றி 1853இல் எழுதிய கட்டுரையில், புகையிரதம் நவீன கைத்தொழிலுக்கு முன்னோடியாக அமையும் என்றும், சாதிவழித் தொழிற்பிரிவினையைத் தகர்க்கும் என்றும் அவர் எதிர்பார்த்தார். இப்பகுதியை மட்டும் எடுத்துக்காட்டி, இரும்புப் பாதையே முற்போக்கு எனக் கொள்வார் நம்மிடையே உளர். ஆனால், மக்கள் தாமே அந்நிய நுகத்தை உதறித் தள்ளும் வரையிலோ, பிரித்தானியாவிலே தொழிலாளி வர்க்கம் ஆட்சியைக் கைப்பற்றும் வரையிலோ, அப்புதிய ஆக்கங்களின் பயனை இந்திய மக்கள் அடையார் என்றும் அதே கட்டுரையில் அவர் வற்புறுத்தியுள்ளார்.

இலங்கையைப் பொறுத்தவரை தண்டவாளமும் இயந்திரமும் பிரித்தானியாவிலிருந்து வந்தன. இரும்புக் கைத்தொழில் எதுவும் அவற்றின் வழியே இங்கு முளைக்கவில்லை. முளைத்தது ஒரு தொழிலாளர் வர்க்கமே. கொழும்புப் புகையிரதத் தொழிலாளர் 1912இல் வேலைநிறுத்தம் செய்தனர்; 1923ஆம் ஆண்டின் பொது வேலைநிறுத்தத்திலும் அவர்களே முன்னின்றனர். இவ்வரலாற்றைக் குமாரி ஜயவர்த்தன ஆராய்ந்துள்ளார். ஆனால் அதே பாதையிற் கொண்டுவரப்பட்ட தோட்டத் தொழிலாளர், வெளியார் நுழையவியலாத தோட்ட எல்லைகளுக்குள் அடைக்கப்பட்டிருந்தனர். கோ. நடேசய்யர் 1931இல் தோட்டத் தொழிலாளர் சங்கத்தை அமைத்தபொழுது, நகரத் தொழிற்சங்கத் தலைமை இந்திய வம்சாவளியினருக்கு எதிரான பிரசாரத்தை நோக்கிச் சாயத் தொடங்கியிருந்தது. பாதை கொழும்பையும் மலையையும் இணைத்தது. இரு தொழிலாளர் பிரிவினரையும் இணைக்கும் அரசியல் போதிய வலிமை பெறவில்லை. இதன் விளைவு 1948இல் வெளிப்பட்டது. அவ்வாண்டின் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரை நாடற்றவராக்கியது.

6

1964 ஒக்டோபர் 30ஆம் நாள் கைச்சாத்தான சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 மக்களைப் பங்கிட்டது. 5,25,000 பேர் இந்தியாவுக்கு. 3,00,000 பேர் இலங்கைக்கு. எஞ்சிய 1,50,000 பேர் பின்னர் தீர்மானிக்கப்படுவர். 1974இல் அவ்வெஞ்சியோரும் இருநாடுகளுக்கும் சமமாகப் பிரிக்கப்பட்டனர். பங்கிடப்பட்ட மக்களிடம் எவரும் கருத்துக் கேட்கவில்லை. ஒப்பந்தம் கைச்சாத்தாகி இரு மாதங்கள் நிறையுமுன், 1964 திசம்பர் 22-23இல் வீசிய புயல் தனுஷ்கோடியை அழித்தது. இறங்குதுறை இராமேசுவரத்துக்கு மாறியது. மக்களைப் பிரிக்கும் வேலை அதனால் நின்றுவிடவில்லை.

ஐம்பது ஆண்டுகட்கு முன்னர் உழைப்பைக் கொண்டுவருவதற்கென அமைந்த பாதை, உழைத்தவரைத் திருப்பி அனுப்பும் பாதையாயிற்று. மலையகப் புகையிரத நிலையங்களில் ஒரே குடும்பத்தின் ஒருபகுதி வண்டியிலும் மறுபகுதி மேடையிலும் நின்றன. இப்பிரிவு மலையகச் சிறுகதைகளில் அழுத்தமாகப் பதிவாகியுள்ளது. அரச ஆவணங்கள் இவர்களைத் 'தாயகம் திரும்பியோர்' எனக் குறித்தன. இச்சொல் ஆராயத்தக்கது. திரும்புதல் என்பது புறப்பட்ட இடத்துக்கு மீள்வதாகும். தலைமன்னாரிற் கப்பலேறியவருட் பலர் இம்மலைகளிலேயே பிறந்தவர்கள். தாய் தந்தையரை இங்கேயே புதைத்தவர்கள். வெளியேற்றம் என்ற செயலைத் திரும்புதல் என்ற சொல் மறைத்தது. அவ்வாறு சென்றோருட் பலர் நீலகிரியிலே, அவர்களுக்கென 1968 முதல் உருவாக்கப்பட்ட அரச தேயிலைத் தோட்டங்களில் மீண்டும் கொழுந்து பறித்தனர். நாடு மாறியது, உழைப்பின் தன்மை மாறவில்லை.

1980களின் நடுப்பகுதியிற் போர் காரணமாகக் கப்பற் சேவை நின்றது. 1990இல் மன்னார்ப் பாதையில் வண்டிகள் ஓடாதொழிந்தன; மன்னார்த் தீவை இணைத்த பாலமும் அழிந்தது. இந்தியக் கடனுதவியுடன் மீளமைக்கப்பட்ட பாதை 2015 மார்ச்சு மாதத்தில் தலைமன்னார் வரை திறக்கப்பட்டது. இலங்கையில் எஞ்சியிருந்த நாடற்றவருக்குக் குடியுரிமை வழங்கும் சட்டமோ 2003இலேயே நிறைவேறியது. 1948இலிருந்து கணக்கிட்டால் ஐம்பத்தைந்து ஆண்டுகள்.

7

புகையிரத வரலாறு நம்மிடையே கொண்டாடப்படாத ஒன்றன்று. 2014இல், நூற்றைம்பதாவது ஆண்டு நிறைவையொட்டிக் கடுகண்ணாவையில் புகையிரத அருங்காட்சியகம் திறக்கப்பட்டது. பழைய இயந்திரங்களைப் பேணுவது வேண்டற்பாலதே. ஆனால் அவ்வியந்திரங்கள் இழுத்துச் சென்ற மக்களின் வரலாறு இன்னும் ஒழுங்காகத் தொகுக்கப்படவில்லை. தோட்டப் பதிவேடுகள், முகாம் அறிக்கைகள், நாட்டார் பாடல்கள், முதியோரின் வாய்மொழி ஆகிய நான்கையும் ஒருங்கே வைத்து நோக்கும் ஆய்வு தேவை. சி.வி. வேலுப்பிள்ளை மலைநாட்டுப் பாடல்களைத் தொகுத்தளித்த முயற்சி அதற்கு நல்ல தொடக்கமாகும்.

2023 ஜூலை - ஆகஸ்ட் மாதங்களில், மலையக மக்களின் இருநூறு ஆண்டு வரலாற்றை நினைவுகூர்ந்து தலைமன்னாரிலிருந்து மாத்தளைக்கு ஒரு நடைபயணம் நிகழ்ந்தது. அதனை ஒழுங்குசெய்தோர் முன்னோர் நடந்த வழியையே தெரிந்தெடுத்தனர். காணி, வீடு, சமமான குடியுரிமை என்பன அந்நடையின் கோரிக்கைகளாயிருந்தன. மன்னார்க் கரைப் பாதையின் வரலாற்றை எழுத முற்படுவோர், 1914ஆம் ஆண்டுத் தண்டவாளத்திலிருந்தன்றி, அதற்கு முந்திய அந்த நடைவழியிலிருந்தே தொடங்க வேண்டும். அக்கோரிக்கைகள் நிறைவேறும்வரை அவ்வரலாறு முடிந்துபோன ஒன்றாகக் கருதப்படலாகாது என்பதே நமது துணிபு.