பாம்பும் பந்தும்

1761-ஆம் ஆண்டு இலண்டன் மாநகரில் ஒரு சிறு புத்தகம் வெளிவந்தது. வெளியிட்டவர் ஜான் நியூபெரி. புனித பால் பெருங்கோவிலின் அருகே கடை விரித்திருந்த புத்தக வணிகர். (சிறுவர்க்குக் கதைநூல் விற்ற அவரே காய்ச்சலுக்குத் தூள் மருந்தும் விற்றுப் பொருள் ஈட்டினார் என்பது தனிக்கதை.) நியூட்டன் கண்ட இயற்கை நெறிகளைச் சிறுவர் சிறுமியர் அறிவுக்கு எட்டும்படி எடுத்துரைப்பது அந்நூலின் நோக்கம். எழுதியவர் பெயர் முகப்பில் இல்லை. டாம் டெலஸ்கோப் என்னும் சிறுவன் தன் தோழர் கூட்டத்தில் ஆற்றிய ஆறு சொற்பொழிவுகள் என்று மட்டும் அச்சிட்டிருந்தது. தொலைநோக்கியையே குடும்பப் பெயராகக் கொண்ட கற்பனைச் சிறுவன்!

அவன் கிரகணத்தை விளக்கும் முறையைக் கேளுங்கள். ஒரு மெழுகுவத்தியை ஏற்றி வைக்கிறான்; அது ஞாயிறு. கிரிக்கெட் பந்து ஒன்றை எடுக்கிறான். அது நாம் வாழும் நிலவுலகம். கையால் சுவரில் அடித்தாடும் சிறு பந்து திங்கள். சிறு பந்து விளக்குக்கும் பெரிய பந்துக்கும் இடையே வந்தால் ஞாயிறு மறைகிறது. பெரிய பந்தின் நிழலுக்குள் சிறு பந்து புகுந்தால் திங்கள் மறைகிறது. தீர்ந்தது பாடம்! மந்திரம் வேண்டியதில்லை, தந்திரம் வேண்டியதில்லை, தட்சணை கொடுக்கவும் வேண்டியதில்லை. ஆடுகளத்திலிருந்து எடுத்து வந்த பந்துகளை, பாடம் முடிந்ததும் ஆடுகளத்துக்கே கொண்டு போகலாம்.

எளிய செய்திதானே என்று எண்ணத் தோன்றும். ஆனால் எந்தக் காலத்தில் அது எழுதப்பட்டது என்பதை நோக்க வேண்டும். வால்மீன் தோன்றினால் மன்னர்க்குக் கேடு, மக்களுக்குக் கொள்ளைநோய் என்று நடுங்கிய உலகம் அது. அந்த வால்மீன்களுள் ஒன்று சுற்றிச் சுற்றி வருவது, 1758-ஆம் ஆண்டை ஒட்டித் திரும்ப வரும் என்று 1705-இல் கணித்துச் சொன்னார் ஹாலி. சொன்னவர் மாண்டார், சொல் மாளவில்லை. 1758 டிசம்பர் 25-ஆம் நாள் இரவு, ஜெர்மனியில் டிரெஸ்டன் நகருக்கு அருகே பாலிட்ஸ் என்னும் உழவர் அதை முதன்முதலாகக் கண்டார். கவனியுங்கள் தோழர்களே, கண்டவர் ஏர் பிடித்தவர். தாமாகவே கற்று வானை ஆராய்ந்தவர். அதன் பின் மூன்றாண்டு கழியுமுன் டாமின் புத்தகம் பிள்ளைகள் கைக்கு வந்துவிட்டது.

அந்நூலில் குறை இல்லாமல் இல்லை. அதில் வரும் பிள்ளைகள் பெருங்குடிப் பிள்ளைகள். அவர்கள் வானைக் காணச் செல்வது ஒரு பிரபுவின் மாளிகைக்கு. பக்கத்துக்குப் பக்கம் படைத்தவன் பெருமையும் பேசப்படுகிறது. நாம் அதற்குத் தலையாட்டப் போவதில்லை. ஆயினும் சிறுமியர்க்கும் அறிவியல் உண்டு என்று தலைப்பிலேயே பொறித்ததையும், அச்சத்தை விளையாட்டுப் பொருளால் அகற்றியதையும் பாராட்டாமல் இருக்க இயலாது.

இதற்கு முன்பே பாதை வெட்டியோர் உண்டு. கலிலியோ தம் உரையாடல் நூலை 1632-இல் புலவர் மொழியாகிய இலத்தீனில் எழுதாமல், மக்கள் பேசிய இத்தாலிய மொழியில் எழுதினார். அடுத்த ஆண்டே சமய மன்றம் அவரை மண்டியிட வைத்தது. 1686-இல் பிரெஞ்சு நாட்டுப் பொந்தனெல், இரவுத் தோட்டத்தில் ஒரு பெண்மணிக்கு வானியல் சொல்வதாக நூல் செய்தார். மறு ஆண்டே அதுவும் தடைப் பட்டியலில் ஏறிற்று. கலிலியோவின் நூல் அப்பட்டியலிலிருந்து நீங்கியது 1835-இல். அதற்குள் டாமின் பாடம் கேட்ட சிறுவர்க்குப் பேரப்பிள்ளைகள் பிறந்திருப்பார்கள்!

இனி நம் பக்கம் திரும்புவோம். கிரகணம் நிழலால் நேர்வது என்னும் உண்மை இந்தியத் துணைக்கண்டத்துக்குத் தெரியாததா? நன்றாகத் தெரியும். 499-இல் ஆரியபட்டர் எழுதி வைத்தார்: ஞாயிற்றை மறைப்பது திங்கள்; திங்களை மறைப்பது நிலவுலகின் நிழல். டாமுக்கு ஆயிரத்து இருநூறு ஆண்டுகளுக்கு முந்திய வாக்கு. பின் ஏன் இராகு என்னும் பாம்பு இன்னும் வாய் பிளந்து நிற்கிறது?

விடை 628-இல் இருக்கிறது. பிரமகுப்தர் பெருங்கணக்கர், நிழலின் விட்டத்தை அளந்து கிரகணத்தைக் கணித்தவர். அவரே இராகுவை மறுப்பவர்களைக் கடிந்து எழுதினார். இராகு இல்லையென்றால் கிரகணக் காலத்துச் சடங்குகள் எல்லாம் பயனற்றுப் போகுமே, வேதத்துக்கும் ஸ்மிருதிக்கும் முரணாகுமே என்பது அவர் வாதம். கணக்கில் நிழல், பேச்சில் பாம்பு! ஏறத்தாழ 1030-இல் இந்நாட்டைப் பற்றி எழுதிய அல்பெருனி இதைக் கண்டு திகைத்தார். உண்மை தெரிந்த ஒருவர் மனச்சான்றுக்கு மாறாக இப்படிப் பேசினார் என்றால், சாக்ரட்டீசுக்கு நேர்ந்தது போன்றதோர் இடர் அவரை நெருக்கியிருக்க வேண்டும் என்று எழுதினார். இரக்கத்தோடு சொன்ன சொல் அது. நம் கருத்தில் அவர் காட்டிய இரக்கம் சற்று மிகுதி.

ஆரியபட்டர் சொன்னது வடமொழிச் செய்யுளில். அதை ஓதத் தகுதி உடையவர் இன்னார் என்று பிறப்பே வரையறுத்த நாட்டில், வயலில் நாற்று நட்டவளின் மகனுக்கு அது எப்படி எட்டும்? ஏடு ஓரிடத்தில் உறங்கிற்று. கதை வீடுதோறும் நடந்தது. பாட்டி சொன்னாள், பிள்ளை நம்பினான். பாட்டி மேல் பழியில்லை. அவளுக்குப் பாம்பைத் தவிர வேறொன்றையும் எவரும் தரவில்லை.

2019 டிசம்பர் 26 அன்று கோவை, திண்டுக்கல் வழியாக வளைய மறைப்பு சென்றது. பல கோவில்களின் நடை சாத்தப்பட்டது. தொடங்கும் வேளை, முடியும் வேளை எல்லாம் நிமிடக் கணக்கில் முன்கூட்டியே அச்சாகியிருந்தன. நேரத்தை நிழற்கணக்கிலிருந்து எடுத்துக்கொண்டு, காரணத்தை மட்டும் புராணத்திலிருந்து எடுத்துக்கொள்வது பிரமகுப்தர் காட்டிய அதே வழி. கருவுற்ற பெண்ணை இருட்டறையில் இருத்துவதும், ஆக்கிய சோற்றைக் கொட்டுவதும் அந்தப் பாம்பின் பெயரால்தான். வெறுங்கண்ணால் ஞாயிற்றை நோக்குவது எந்நாளும் கேடு. காரணம் அதன் ஒளி, நஞ்சன்று. இந்த வேறுபாட்டை ஐந்தாம் வகுப்புப் பிள்ளைக்கு விளக்க நமக்கு ஐந்து நிமிடம் போதும். ஆனால் மாலையில் வீடு திரும்பும் அவன் கையில் படமும் பாடமுமாக ஒரு நூல் இருந்தால்தான், பாட்டியிடம் அவனே அதை விளக்குவான்.

அந்த நூலில் கிரிக்கெட் பந்தை அப்படியே பெயர்த்து வைத்தாலும் சரி, எலுமிச்சையும் நெல்லிக்காயும் வைத்தாலும் சரி, விலை மட்டும் கூலிக்காரர் வீட்டுக்கு எட்ட வேண்டும். தமிழ் பிள்ளை பேசும் தமிழாக இருக்க வேண்டும். அடுத்த வளைய மறைப்பு 2031 மே 21 அன்று மதுரை வழியாக வருகிறது. அன்று நம் முன் வகுப்பில் அமர இருக்கும் பிள்ளைகளுள் பலர் இன்னும் எழுத்துக் கூட்டப் பழகவில்லை.