இருபத்தொன்றின் எடை

உரிமம் பெற்ற ஆயுத வணிகர் எவரும் 21 வயது நிரம்பாத ஒருவருக்குக் கைத்துப்பாக்கி விற்கலாகாது என்று அமெரிக்காவின் 1968-ஆம் ஆண்டுச் சட்டம் கூறுகிறது. அதே கடையில் ரைஃபிள் வாங்குவதற்கு 18 வயது போதும் என்றும் அதே சட்டம் கூறுகிறது. ஒரே மேசையின் மீது இரண்டு ஆயுதங்கள், இரண்டு வயதுகள். இவ்வெண்கள் எங்கிருந்து வந்தன?

21 என்பது மிகப் பழைய எண். இடைக்கால இங்கிலாந்தில், போர்ச்சேவைக்கு ஈடாக நிலம் பெற்றிருந்த குடும்பத்தின் வாரிசு 21 வயதில்தான் அந்நிலத்துக்கு முழு உரியவனானான். உழவு நிலம் வைத்திருந்தவனின் மகனுக்கு அதனினும் குறைந்த வயதே போதுமானதாக இருந்தது. கனத்த இரும்புக் கவசத்தைத் தாங்கிக் குதிரைமீதிருந்து போரிட உடல் முற்றியிருக்க வேண்டும் என்பதே இவ்வேறுபாட்டுக்கு வரலாற்றாசிரியர்கள் வழக்கமாகத் தரும் விளக்கம். நாளடைவில் அந்த வயது எல்லோருக்குமான சட்டப் பருவமாயிற்று. குடியேறிகளோடு கடல் கடந்து அமெரிக்காவுக்கும் சென்றது.

அங்கே அது உடனே ஒரு முரணைச் சந்தித்தது. 1792-இல் இயற்றப்பட்ட குடிப்படைச் சட்டம் 18 முதல் 45 வயது வரையிலான, உடல் வலுவுள்ள வெள்ளை ஆண் குடிமக்கள் படையில் பதிவு செய்துகொண்டு, சொந்தமாக மஸ்கட் துப்பாக்கியும் வைத்திருக்க வேண்டும் என்றது. ஆனால் 21 வயது வரை அதே இளைஞன் சட்டத்தின் கண்ணில் மைனர். அவன் செய்துகொள்ளும் ஒப்பந்தங்களில் பெரும்பாலானவற்றை அவனே பின்னர் தள்ளிவிட முடியும். அவனுக்குக் கடனுக்குத் துப்பாக்கி விற்க எந்தக் கடைக்காரர் துணிவார்? மேலும், 1824-இல் வர்ஜீனியா பல்கலைக்கழகத்தின் ஆட்சிக்குழு மாணவர்கள் வளாகத்துக்குள் ஆயுதம் எதுவும் வைத்திருக்கக் கூடாதென்று விதித்தது. அக்குழுவில் தாமஸ் ஜெஃபர்சனும் ஜேம்ஸ் மாடிசனும் இருந்தனர். ஆயுதம் ஏந்தும் உரிமையைக் கூறும் இரண்டாம் திருத்தத்தை முன்மொழிந்தவர் இதே மாடிசன்தான்.

வயதைச் சொல்லி ஆயுதத்தைத் தடுக்கும் மாநிலச் சட்டங்கள் பரவியது பின்னர்தான். சாமுவேல் கோல்ட் தமது சுழல் துப்பாக்கிக்கு அமெரிக்கக் காப்புரிமை பெற்றது 1836-இல். இருபது ஆண்டுகள் கழித்து, 1856-இல், அலபாமாவும் டென்னஸியும் மைனர்களுக்குப் பிஸ்டல் விற்பதையும் கொடுப்பதையும் குற்றமாக்கின. டென்னஸி, வேட்டைத் துப்பாக்கிக்கு விலக்களித்தது. தோளில் சுமந்து செல்லும் துப்பாக்கி ஊரறிந்தது. சட்டைக்குள் மறையும் துப்பாக்கி அப்படியன்று. இன்றைய 18-க்கும் 21-க்கும் இடையிலான பிளவின் ஊற்றுக்கண்ணை இங்கே காணலாம். நூற்றாண்டு முடிவதற்குள் மேலும் பல மாநிலங்கள் இவ்வழியில் சட்டம் இயற்றின.

1968 ஏப்ரலில் மார்ட்டின் லூதர் கிங்கும் ஜூனில் ராபர்ட் கென்னடியும் சுட்டுக் கொல்லப்பட்ட பின்னணியில் கூட்டாட்சிச் சட்டம் நிறைவேறியது. கைத்துப்பாக்கி இளைஞர்களின் கைக்கு எளிதில் சேர்வது குற்றங்கள் பெருகக் காரணமாகிறது என்று நாடாளுமன்றம் கருதியது. ஆயினும் அச்சட்டத்தின் வயது வரம்பு உரிமம் பெற்ற வணிகரை மட்டுமே கட்டுப்படுத்தியது. 18 வயதுக்குக் குறைந்தோர் கைத்துப்பாக்கி வைத்திருப்பதையே, சில விலக்குகளோடு, கூட்டாட்சி அளவில் தடைசெய்யும் சட்டம் 1994-இல்தான் வந்தது.

இதற்கிடையில் 21 என்ற எண்ணின் அடித்தளமே சரிந்திருந்தது. இரண்டாம் உலகப் போரின்போது, 1942-இல், கட்டாயப் படைச்சேர்ப்பின் வயது 18 ஆகக் குறைக்கப்பட்டது. போருக்கு அனுப்பத் தகுந்தவன் வாக்களிக்கத் தகாதவனா என்ற கேள்வி வியட்நாம் காலத்தில் வலுத்து, 1971-இல் 26-ஆம் திருத்தம் வாக்குரிமை வயதை 18 ஆக்கியது. சட்டப் பருவமும் பெரும்பாலான மாநிலங்களில் 18-க்கு இறங்கியது. கைத்துப்பாக்கி விற்பனையிலோ பழைய எண் தங்கிவிட்டது.

2018 பிப்ரவரியில் ஃபுளோரிடாவின் பார்க்லண்ட் பள்ளியில் 19 வயது இளைஞன் ஒருவன், முறைப்படி வாங்கிய ரைஃபிளால் பதினேழு பேரைக் கொன்றான். அடுத்த மாதமே அம்மாநிலம் எல்லாத் துப்பாக்கிகளையும் வாங்கும் வயதை 21 ஆக உயர்த்தியது. 2022-இல் உச்ச நீதிமன்றம், ஆயுதக் கட்டுப்பாடு எதுவும் நாட்டின் வரலாற்று மரபோடு பொருந்த வேண்டும் என்று தீர்ப்பளித்தது. அதன்பின் நீதிபதிகள் வரலாற்றாசிரியர்களாக வேண்டியதாயிற்று. 2025-இல் ஐந்தாம் வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம் குடிப்படைச் சட்டத்தின் 18-ஐச் சுட்டி, 1968-இன் தடை 18 முதல் 20 வயதினரைப் பொறுத்தவரை செல்லாதென்றது. அதே ஆண்டில் நான்காம் வட்டாரம் மைனரின் ஒப்பந்த இயலாமையைச் சுட்டி அத்தடையைச் செல்லும் என்றது. பதினோராம் வட்டாரம் ஃபுளோரிடாவின் சட்டத்தை ஏற்றது. ஆவணங்கள் ஏறத்தாழ அவையேதான், விடைகள் வேறு.

இதில் வியப்பில்லை. 1792-இன் மனிதர்கள், கடையில் பணம் கொடுத்துக் கைத்துப்பாக்கி வாங்கும் பத்தொன்பது வயதுப் பெண்ணைக் குறித்தோ கறுப்பின இளைஞனைக் குறித்தோ எதையும் தீர்மானிக்கவில்லை. அவர்கள் வகுத்தது கடமையை. நாம் தேடுவது உரிமையை. கவசம் சுமக்கும் தோளுக்காக ஒரு காலம் 21 என்று அளந்தது. இன்றைய ஆயுதத்தைச் சிறு குழந்தையும் தூக்கிவிடும். இப்போது அளக்க வேண்டியிருப்பது சினத்தைத் தாங்கும் மனத்தின் வலுவை. அதற்கான வயதைப் பழைய ஏடுகளில் மட்டும் தேடினால், எதிர்பார்த்துச் சென்றதையே ஒவ்வொருவரும் கண்டெடுத்துத் திரும்புவர்.