சுவரொட்டி போதாது, வாழ்க்கையை எழுதுவோம்

ஒவ்வொரு ஆண்டும் செப்டம்பர் 11 அன்று பரமக்குடியில் தியாகி இமானுவேல் சேகரன் நினைவிடத்தில் கூடுகிறோம். அவர் எப்படிக் கொல்லப்பட்டார் என்று கேட்டால் நம்மில் எல்லோரும் சொல்வோம். எப்படி வாழ்ந்தார் என்று கேட்டால், பலரிடம் இரண்டு வரிக்கு மேல் வராது.

அதே மாவட்டத்தில் இராமேஸ்வரம் இருக்கிறது. அங்கே பத்திரிகை போட்ட சிறுவன் அப்துல் கலாமின் கதை தமிழ்நாட்டுப் பள்ளிப் பிள்ளைகளுக்கெல்லாம் தெரியும். 'அக்னிச் சிறகுகள்' என்ற புத்தகம் இருப்பதுதான் காரணம். முஸ்லிம் சிறுவன் கோயில் அர்ச்சகரின் மகன் பக்கத்தில் உட்காரக் கூடாது என்று ஓர் ஆசிரியர் தன்னைப் பின்வரிசைக்கு அனுப்பியதை அவர் அதில் சொல்கிறார். எழுதி வைத்ததால்தான் அந்த அவமானம் இன்று நமக்கும் தெரிகிறது.

ஓர் ஆசிரியர் எழுதிய வாழ்க்கை வரலாறு என்ன செய்யும் என்பதற்கு நம் இயக்கத்திலேயே சாட்சி உண்டு. பம்பாயில் கிருஷ்ணராவ் அர்ஜுன் கேளுஸ்கர் என்ற பள்ளி ஆசிரியர் இருந்தார். சிவாஜியின் வரலாற்றையும் புத்தரின் வரலாற்றையும் மராத்தியில் எழுதியவர். தேர்வில் தேறிய மாணவன் பீமராவைப் பாராட்ட நம் மக்கள் கூட்டம் நடத்தியபோது, தாம் எழுதிய புத்தர் வரலாற்றைப் பரிசாகக் கொடுத்தார். பிறகு அந்த மாணவனின் கல்லூரிப் படிப்புக்கு பரோடா மன்னரின் உதவித்தொகை கிடைக்கவும் துணை நின்றார். தன்னைப் புத்தரிடம் திருப்பியது அந்தப் புத்தகமே என்று 1956இல் பாபாசாகேப் எழுதினார். அந்த ஆண்டு அக்டோபர் 14 அன்று நாக்பூரில் லட்சக்கணக்கான மக்களோடு பௌத்தம் தழுவினார். நாமெல்லாம் பேசும் அந்த நாளின் தொடக்கத்தில் ஒரு வாத்தியார் எழுதிய புத்தகம் இருக்கிறது.

இமானுவேல் சேகரனின் வாழ்க்கையும் அப்படி ஒரு மாணவன் கையில் கிடைக்க வேண்டியது. 1924 அக்டோபர் 9 அன்று முதுகுளத்தூர் பகுதியிலுள்ள செல்லூரில் பிறந்தார். இளம் வயதிலேயே வெள்ளையனே வெளியேறு போராட்டத்தில் சிறை சென்றார். இராணுவத்தில் பணியாற்றினார். ஊர் திரும்பி, தீண்டாமைக்கு எதிராக மக்களைத் திரட்டினார். 1957 செப்டம்பர் 10 அன்று மாவட்ட ஆட்சியர் கூட்டிய சமாதானக் கூட்டத்தில் சமமாக உட்கார்ந்து பேசினார். மறுநாள் இரவு பரமக்குடியில் வெட்டிக் கொல்லப்பட்டார். 33 வயது நிறைய இன்னும் ஒரு மாதம் இருந்தது.

2010இல் அவருக்கு அஞ்சல் தலை வந்தது. அடுத்த ஆண்டே அவர் நினைவு நாளில் பரமக்குடியில் காவல்துறை துப்பாக்கிச் சூடு நடத்தி நம்மவர்களைக் கொன்றது. செத்தவர்களை எண்ணிக்கையாகச் சொல்லத்தான் பழகியிருக்கிறோம். அவர்கள் என்ன வேலை செய்தார்கள், யாரை வளர்த்தார்கள் என்பதை எத்தனை பேர் எழுதினோம்?

திருநெல்வேலியில் வரலாற்றுப் பேராசிரியராக இருந்த கா.அ. மணிக்குமார், முதுகுளத்தூர் நிகழ்வுகளை ஆவணங்களைக் கொண்டு ஆராய்ந்து ஆங்கிலத்தில் நூலாக்கினார். அந்த உழைப்பு நமக்கு வழிகாட்டி. ஆனால் எல்லாவற்றையும் பேராசிரியர்களிடமே விட்டுவிட முடியாது.

தோழர்களே, உங்கள் ஊரில் முதலில் பள்ளிக்கூடம் போனவர் யார், டீக்கடையில் தனிக் குவளையை மறுத்தவர் யார், கூலி உயர்வு கேட்டு நின்ற பெண் யார் என்று பெரியவர்களிடம் கேளுங்கள். சொன்னவர் பெயர், ஊர், ஆண்டு எல்லாவற்றையும் குறித்து வையுங்கள். பழைய பத்திரிகையோடும் வழக்குத் தாளோடும் ஒப்பிட்டுப் பாருங்கள். மிகைப்படுத்த வேண்டாம். பொய் ஒன்று கலந்தாலும் எதிரி மொத்தத்தையும் பொய் என்பான்.

சுவரொட்டி ஒரு மழைக்குத் தாங்காது. கேளுஸ்கர் கொடுத்த புத்தகம் அரை நூற்றாண்டு கழித்தும் வேலை செய்தது.