காலிச் சிலிண்டரும் கண்டியும்

கண்டிக்கு வரும் காஸின் கதை கொழும்பில் 1872இல் தொடங்கிய எரிவாயுக் கம்பனியிலிருந்து வருகிறது. 1990களின் நடுவில் ஷெல் அதன் பெரும்பங்கை வாங்கியது. 2010இல் அரசு மீளப்பெற்று லிட்ரோ எனப் பெயரிட்டது. விறகடுப்பு எரிந்த மலைநாட்டு வீடுகளில் 12.5 கிலோ சிலிண்டர் மெல்லமெல்ல இடம்பிடித்தது.

காலிச் சிலிண்டரைக் கடையில் கொடுத்து நிறைந்ததை எடுப்பதே வழக்கம். வெற்று எடை கழுத்து வளையத்தில் பொறிக்கப்பட்டிருக்கும். தராசில் அதே எடை காட்டினாலும் உள்ளே ஆவி மிஞ்சியிருக்கும். அது காற்றைவிடக் கனமானது. திறந்துவிட்டால் மேலே போகாமல் தரையோடு தவழ்ந்து, சரிவில் கட்டிய வீடுகளில் கீழ்வீட்டு வடிகாலுக்குள்கூட இறங்கும். கடைசிச் சொட்டும் எரியட்டும் என்று சிலிண்டரைச் சாய்த்து வைப்பது அதைவிட மோசம்: திரவமே ரெகுலேட்டருக்குள் புகுந்துவிடும்.

2021 இறுதியில் நாடெங்கும் அடுப்புகளும் சிலிண்டர்களும் வெடித்தன. காஸில் புரொப்பேன் விகிதத்தைக் கூட்டியதே காரணம் என்ற விமர்சனம் எழுந்தது. விசாரணைக் குழுவும் அமைக்கப்பட்டது. மறுவருடத் தட்டுப்பாட்டில் காலிச் சிலிண்டர்களே வரிசையில் இடம்பிடித்து நின்றன.

துருப்பிடித்த, வால்வு பழுதான சிலிண்டர் பழைய இரும்புக் கடைக்குரியதல்ல. வால்வை மூடி, ரெகுலேட்டரைக் கழற்றி, விற்பனை முகவரிடமே ஒப்படைக்க வேண்டும். எஞ்சிய வாயுவை அகற்றி உருளையை வெட்டுவது கம்பனியின் வேலை.