குத்தகைப் போருக்குத் தலைமை தாங்கிய பண்ணையார்

சென்ற வாரம் மைக்கேல் டேவிட்டை 1879இல், அயர்லாந்தின் மேயோ மாவட்டத்தில் விட்டுவந்தோம். மழை ஓயவில்லை. உருளைக்கிழங்கு அழுகிவிட்டது. குத்தகை பாக்கிக்காகக் குடியானவர்களை வீட்டை விட்டே வெளியேற்றிக்கொண்டிருந்தார்கள். டேவிட்டின் குடும்பமும் அப்படித் துரத்தப்பட்டதுதான். சிறுவயதிலேயே பஞ்சாலையில் ஒரு கையை இழந்தவர், ஏழாண்டு சிறையில் கிடந்தவர். அவர் தலைமை தேடிப் போனதோ ஒரு பண்ணையாரிடம்!

சார்லஸ் ஸ்டூவர்ட் பார்னெல், விக்லோ மாவட்டத்து அவண்டேல் மாளிகைக்கும் 4,000 ஏக்கருக்கு மேற்பட்ட நிலத்துக்கும் சொந்தக்காரர். கத்தோலிக்கர் நிறைந்த நாட்டில் புராட்டஸ்டன்ட். கேம்பிரிட்ஜுக்குப் போய்ப் பட்டம் வாங்காமல் திரும்பியவர், கிரிக்கெட் பிரியர். 1875இல் மீத் தொகுதியின் உறுப்பினராக நாடாளுமன்றம் போன புதிதில் பேச நா எழவில்லை. பிறகு அவை விதிகளைக் கரைத்துக் குடித்து, விடிய விடியப் பேசியே சபையை முடக்கக் கற்றுக்கொண்டார். டேவிட் போட்ட கணக்கு சரிதான் என்பேன். சிறை மீண்டவர் பேசினால் கலகம் என்று தள்ளிவிடலாம். பண்ணையாரே பேசினால் லண்டன் காது கொடுத்தாக வேண்டும். அந்த அக்டோபரில் நிலச் சங்கம் பிறந்தது. தலைவர் பார்னெல்.

1880 செப்டம்பர் 19, என்னிஸ் நகரம். வெளியேற்றப்பட்டவனின் நிலத்தை இன்னொருவன் குத்தகைக்கு எடுத்தால் அவனை என்ன செய்வது என்று கூட்டத்தைக் கேட்டார் பார்னெல். “சுட்டுத் தள்ளு!” என்று குரல்கள் எழுந்தன. அதைவிட நல்ல வழி இருக்கிறது என்றார் அவர், நிதானமாக. சாலையில், கடையில், சந்தையில், தேவாலயத்தில்கூட அவனோடு யாரும் பேசாதீர்கள். தொழுநோயாளியை ஒதுக்குவதுபோல ஒதுக்கிவிடுங்கள்.

சில நாட்களிலேயே மேயோவில் ஏர்ன் பிரபுவின் ஏஜென்ட் கேப்டன் பாய்காட் இதில் மாட்டினார். பண்ணையாட்கள் நின்றார்கள். லாடம் அடிக்க ஆளில்லை, துணி வெளுக்க ஆளில்லை, கடைக்காரர் சாமான் தர மாட்டேன் என்றார். நிலத்தில் கிடந்த கிழங்கைத் தோண்ட வடக்கிலிருந்து 50 பேர் வந்தார்கள்; அவர்களுக்குக் காவலாகச் சுமார் 1,000 சிப்பாய்களும் போலீசும்! சில நூறு பவுண்டு பெறும் விளைச்சலைக் காப்பாற்ற ஆன செலவு சுமார் 10,000 பவுண்டு என்கிறார்கள். கேப்டன் ஊரைக் காலி செய்தார். அவர் பெயர் மட்டும் உலகம் சுற்றியது.

1881இல் பிரிட்டிஷ் பிரதமர் கிளாட்ஸ்டனின் அரசு சட்டம் கொண்டுவந்தது: நியாயமான குத்தகை, அதைக் கட்டும்வரை வெளியேற்றக் கூடாது, குத்தகை உரிமையை விற்கலாம். போதாது என்ற பார்னெலை கில்மைன்ஹாம் சிறையில் அடைத்தார்கள். அடுத்த மே மாதம் பேரம் பேசி விடுவித்தார்கள்.

இதற்கிடையில் அவண்டேல் கடனில் மூழ்கி, விற்பனைக்கு வரும் நிலை. மக்கள் நிதி திரட்டினார்கள். உதவக் கூடாதென்று ரோமிலிருந்து உத்தரவு வந்ததும் வசூல் இன்னும் ஏறியது. சேர்ந்தது 37,000 பவுண்டுக்கு மேல். குத்தகை கொடுத்தே நொடித்த ஜனங்கள் ஒரு நிலச்சுவான்தாரின் அடமானத்தை மீட்டார்கள்! காசோலை கொடுக்க வந்த டப்ளின் மேயர் வாழ்த்துரையைத் தொடங்க, அது கிராஸ் செய்யப்பட்டதுதானே என்று மட்டும் பார்னெல் கேட்டதாக ஒரு கதை உண்டு. நன்றி சொல்லி உருகும் ஆளல்ல அவர்.

1885 தேர்தலில் அவர் கட்சிக்கு 86 இடங்கள். அடுத்த ஆண்டு தன்னாட்சி மசோதா 30 வாக்குகளில் தோற்றது. 1890இல் விழுந்த அடி வேறு. சக உறுப்பினர் ஓஷேயின் மனைவி கேத்தரினோடு அவருக்கிருந்த நீண்டகால உறவு விவாகரத்து வழக்கில் அம்பலமாயிற்று. கிளாட்ஸ்டன் கைவிட்டார், ஆயர்கள் கண்டித்தார்கள், கட்சியில் பெரும்பாலோர் வெளியேறினார்கள். மறு ஆண்டு ஜூனில் கேத்தரினை மணந்தார். அக்டோபரில், 45 வயதில், இறந்தார்.

எதிரணிக்குப் போனவர்களில் ஆல்ஃபிரட் வெப் ஒருவர். 1894 டிசம்பரில் சென்னை காங்கிரஸ் மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவர் அவர்தான். அந்தக் கதை அடுத்த வாரம்.

(தொடரும்)