காதால் மட்டும் அறிந்த படம்

அம்பத்தூர்த் தொழிற்பேட்டையின் மே தினக் கூட்டங்களில், பேச்சாளர் வந்து சேரும்வரை ஒலிபெருக்கியில் பழைய பாடல்கள் ஒலிக்கும். சிறுவயதில் அங்கே திரும்பத் திரும்பக் கேட்டவற்றுள் சில ‘பாதை தெரியுது பார்’ என்ற படத்தினுடையவை என்பது வெகுகாலம் கழித்தே எனக்குத் தெரிந்தது. 1960இல் வெளியான அப்படத்தை நம்மில் பெரும்பாலோர் கேட்டிருக்கிறோமே தவிரப் பார்த்ததில்லை. ஜெயகாந்தன் எழுதிய தென்னங்கீற்றுப் பாடலைப் பற்றியும், எம்.பி. சீனிவாசனின் இசையைப் பற்றியும் குறைவின்றி எழுதியாயிற்று. ஆனால் படத்தை இயக்கியவர் ஓர் ஒளிப்பதிவாளர்!

அவர் நிமாய் கோஷ் (1914–1988). சத்யஜித் ராயைப் பல்லாண்டுகள் நிழற்படம் எடுத்து, 2020இல் மறைந்த நிமாய் கோஷ் வேறொருவர். பெயர் ஒன்றாயிருப்பதால் இருவரையும் குழப்பிக்கொள்வது எளிது.

நம்மவர் 1947இல் தொடங்கப்பட்ட கல்கத்தா திரைப்படச் சங்கத்தின் தொடக்கக் காலத்தவர்களில் ஒருவர். வங்கப் பிரிவினையை முன்வைத்து அவர் இயக்கிய ‘சின்னமூல்’ (வேரறுந்தோர் என்று பொருள்) 1951இல் திரைக்கு வந்தது. கிழக்கு வங்கத்துக் கிராமத்தை விட்டுக் கல்கத்தாவுக்கு வந்து சேரும் குடியானவர்களின் கதை அது. சியால்டா ரயில் நிலையத்தில் உண்மையான அகதிகளின் நடுவே காமிராவைக் கொண்டுபோய் வைத்தார் கோஷ். ரித்விக் கட்டக் அதில் நடித்திருக்கிறார். ‘பதேர் பாஞ்சாலி’ வருவதற்கு நான்காண்டுகள் முந்தைய முயற்சி என்பதை நினைவில் கொண்டால் அதன் துணிவு விளங்கும். அப்போது இந்தியா வந்திருந்த சோவியத் இயக்குநர் புதோவ்கின் அதைப் பார்த்து, தம் நாட்டில் திரையிட வழி செய்தார். கல்கத்தாவிலோ கோஷுக்குப் பிழைப்பில்லை. சென்னைக்கு வந்தார்.

இங்கே இடதுசாரிக் கலைஞர்கள் சேர்ந்து, தனிமுதலாளியை நம்பாமல் பலரும் பங்கு போட்டு எடுத்த படம்தான் ‘பாதை தெரியுது பார்’. நடுவண் அரசின் நற்சான்றிதழ் கிடைத்தது. வசூல் கிடைக்கவில்லை. தமிழில் சுயேச்சைப் படங்களின் வரலாற்றை நாம் பெரும்பாலும் ஜெயகாந்தனின் ‘உன்னைப்போல் ஒருவ’னிலிருந்தே தொடங்குகிறோம். அது சரியல்ல என்றே எனக்குத் தோன்றுகிறது. பாடலாசிரியராக அவர் பங்கேற்ற இந்தக் கூட்டு முயற்சி அதற்கு மூத்தது.

தோல்விக்குப்பின் கோஷ் ஊர் திரும்பவில்லை. பிறர் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தார். எம்.பி. சீனிவாசனோடு சேர்ந்து, இன்று பெப்சி என வழங்கும் தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனம் உருவாக உழைத்தார். விளக்குத் தூக்குபவருக்கும் வேலைநேரமும் உரிய கூலியும் உண்டு என்பதெல்லாம் அன்று கேட்டுப் பெறவேண்டியவையாக இருந்தன. அவருடைய கண்ணை அறிய விரும்புபவர்கள் ஜி.வி. ஐயரின் கன்னடப் படமான ‘ஹம்சகீதெ’யைப் (1975) பார்க்கலாம், சித்திரதுர்க்கத்துப் பாறைகளுக்கிடையே ஓர் இசைவாணனின் கதை. ஒளிப்பதிவு நிமாய் கோஷ்.

1988 மார்ச்சில் எம்.பி. சீனிவாசன் லட்சத்தீவில் காலமானார். அதே ஆண்டில் கோஷும் போனார். தென்னங்கீற்றுப் பாடல் மட்டும் இன்னும் ஒலிக்கிறது. அந்தக் காட்சியில் வெளிச்சம் எந்தப் பக்கமிருந்து விழுந்தது என்று சொல்லக்கூடியவர்கள் இப்போது எழுபதைக் கடந்திருப்பார்கள். உங்கள் வீட்டில் எவரேனும் இருந்தால் கேட்டு எழுதுங்கள்.